தூக்கம் திரும்பி வரும் வழி



இஷா தொழுதுவிட்டுப் படுக்கிறீர்கள். விளக்கை அணைத்தாயிற்று. பிள்ளைகள் தூங்கிவிட்டார்கள். பக்கத்து வளவு நாயும் குரைத்து ஓய்ந்துவிட்டது. உங்களுக்கு மட்டும் கண் மூடவில்லை. இந்தப் பக்கம் புரள்கிறீர்கள், அந்தப் பக்கம் புரள்கிறீர்கள். மணி பன்னிரண்டு, ஒன்று, ஒன்றரை... "இப்போது தூங்கினாலும் ஸுப்ஹுக்கு முன் மூன்று மணி நேரம் கிடைக்கும்" என்று மனதுக்குள் கணக்குப் போடுகிறீர்கள். கணக்குப் போடப் போட இருந்த கொஞ்சத் தூக்கமும் ஓடிப்போகிறது.

இந்தக் கணக்கைப் போட்டவர்கள் உங்களில் எத்தனை பேர்? நான் வருடக்கணக்காகப் போட்டிருக்கிறேன். அதை மறைத்தும் வைத்திருந்தேன். மறைத்ததால் என்ன ஆயிற்று என்பதைச் சொல்லத்தான் இன்று எழுதுகிறேன்.

சொல்லப் போவது ஒரு படத்தைப் பற்றி. படம் என்றதும் முகம் சுளிக்க வேண்டாம். பாட்டும் கூத்தும் இல்லாத, பன்னிரண்டு நிமிடமே ஓடும் குறும்படம் அது. எங்கள் உம்மாவை வைத்து, எங்கள் வீட்டிலேயே, என் ராத்தாவின் மகன் கைத்தொலைபேசியில் எடுத்தது.

மன்னார் மாவட்டத்தின் பெருநிலப் பரப்பில், மாந்தை மேற்குப் பிரிவில் இருக்கிறது எங்கள் பெரியமடு. குளம், வயல், சுற்றிவரக் காடு. இரவில் தவளைச் சத்தம் கேட்கும். தூரத்தில் யானை வெடி கேட்கும். என் கணவர் கட்டாரில் வேலை செய்கிறார். இங்கே நானும், இரண்டு பிள்ளைகளும், எழுபத்தைந்து வயதைத் தாண்டிய உம்மாவும். நான் தையல் மெஷினை வைத்துக்கொண்டு ஊராருக்குத் தைத்துக் கொடுக்கிறேன்.

ராத்தா புத்தளத்திலேயே தங்கிவிட்டார். அவருடைய மகன் கொழும்பில் படிக்கிறான். விடுமுறைக்கு வந்தவன் ஒரு நாள் கேட்டான்:

"சாச்சி, உம்மும்மா ராவு முழுக்க முழிச்சிருக்கிறாங்க எண்டு உம்மா சொல்லுவா. அத ஒரு படமா எடுக்கட்டா?"

எனக்குச் சிரிப்பு வந்தது. தூங்காத கிழவியைப் படம் பிடித்து யார் பார்ப்பார்? அவன் விடவில்லை. "இன்சோம்னியா" என்ற பெயரில் 1997இல் நோர்வே நாட்டில் ஒரு படம் வந்த கதையைச் சொன்னான். அந்த ஆங்கிலச் சொல்லுக்குத் தூக்கமின்மை என்றுதான் பொருளாம். நள்ளிரவிலும் சூரியன் மறையாத வடகோடி ஊர். அங்கே ஒரு கொலையை விசாரிக்க வந்த பொலிஸ் அதிகாரி, தவறுதலாகத் தன் கூட்டாளியையே சுட்டுவிடுகிறார். அதை மறைக்கிறார். அதன் பிறகு அவருக்குத் தூக்கமே இல்லை. அதே கதையை 2002இல் அமெரிக்காவில் அலாஸ்கா மாநிலத்து ஊரொன்றில் நடப்பதாக மறுபடி எடுத்தார்களாம்.

"வெளிச்சம் மட்டும் இல்ல சாச்சி, மறைச்சு வச்ச விசயம்தான் அவர தூங்க விடல்ல" என்றான்.

அந்தச் சொல் என் நெஞ்சில் தைத்தது. அவனுக்கு அது தெரியாது.

உம்மா ஒரே நிபந்தனையோடு சம்மதித்தார். முகத்தைக் காட்டக் கூடாது. கையைக் காட்டலாம், பேச்சைப் போடலாம், அவ்வளவுதான். அவன் நான்கு இரவுகள் எடுத்தான். முதல் இரவு முடிந்ததும் சலித்துக்கொண்டான். "ஒண்டுமே நடக்குதில்ல சாச்சி. உம்மும்மா எழும்புறாங்க, கதவப் பார்க்கிறாங்க, தலமாட்டுப் பையத் தடவுறாங்க, படுக்கிறாங்க. திரும்பவும் அதேதான்."

தூக்கமின்மை என்றால் அதுதானே சகோதரிகளே! எதுவும் நடக்காத ஒரு நீண்ட இரவு. அடுத்த இரவும் அப்படியே.

அந்தத் தலைமாட்டுப் பையைப் பற்றிச் சொல்லாமல் உம்மாவின் தூக்கத்தைப் பற்றிச் சொல்ல முடியாது. அதற்குள் அடையாள அட்டைகள், பிறப்புச் சான்றிதழ்கள், காணிப் பெர்மிட், வாப்பாவின் மரணச் சான்றிதழ், ஒரு சோடி காதுப்பூ. முப்பது வருடத்துக்கு மேலாக அதன் மேல் கை வைத்துத்தான் உம்மா படுக்கிறார்.

1990 ஒக்டோபர் மாதக் கடைசியில் விடுதலைப் புலிகள் வட மாகாணத்து முஸ்லிம்கள் அனைவரையும் வெளியேறச் சொன்னார்கள். ஏறத்தாழ 75,000 பேர். ஊருக்கு ஊர் கெடு வேறுபட்டது. யாழ்ப்பாணத்து மக்களுக்கு ஒக்டோபர் 30 அன்று கிடைத்தது இரண்டே மணி நேரம். மன்னார்த் தீவிலிருந்து பலர் படகேறிக் கற்பிட்டியில் இறங்கினார்கள். பெருநிலப் பரப்பிலிருந்து நாங்கள் காட்டுப் பாதையில் நடந்தோம். எனக்கு அப்போது பத்து வயது. காட்டில் எங்களைப் பாயில் கிடத்திவிட்டு உம்மா உட்கார்ந்தே இருந்தார். நான் நன்றாகத் தூங்கினேன். என் ஞாபகத்தில் இருப்பது அவ்வளவுதான்.

படத்தில் உம்மா சொல்கிறார்: "அண்டைக்கு நான் முழிச்சிருந்தன். புள்ளைகள் தூங்கினிச்சு. நான் கண் மூடினா என்னமோ நடந்திரும் எண்டு அண்டைக்கு நெனச்சது. இன்னமும் அந்த நெனப்புப் போகல்ல."

புத்தளத்தில் கிடுகுக் கொட்டிலில் வாழ்ந்தோம். வாப்பா உப்பளத்தில் கூலி வேலை செய்தார், உம்மா வெங்காயத் தோட்டத்துக்குப் போனார். மழைக்கு ஒழுகும் கூரை, ஓலையில் நெருப்புப் பிடிக்குமோ என்ற பயம். வாப்பா அங்கேயே மௌத்தானார். போர் 2009 மே மாதத்தில் முடிந்தது. விரட்டியவர்கள் இல்லாமல் போனார்கள். ஆனாலும் மறுநாளே நாங்கள் ஊர் வந்துவிடவில்லை. வயலில் கண்ணிவெடி, வளவில் காடு, வீடிருந்த இடத்தில் அத்திவாரம் மட்டும். அதையெல்லாம் ஒவ்வொன்றாக நீக்கிய பிறகுதான் திரும்பி வர முடிந்தது. சிலர் இன்னும் வரவில்லை. இதை ஞாபகத்தில் வைத்துக்கொள்ளுங்கள். பிறகு வேண்டும்.

இப்போது என் கதை.

சில வருடங்களுக்கு முன் உம்மாவின் நிலையைப் பார்த்து வைத்தியர் ஒருவர் சில நாட்களுக்கு மட்டும் தூக்க மாத்திரை எழுதிக் கொடுத்தார். உம்மா இரண்டு நாள் குடித்தார். "காலையில தலை சுத்துது, தொழுகையில நிதானம் இல்ல" என்று நிறுத்திவிட்டார். மிச்ச மாத்திரை அலுமாரியில் கிடந்தது. அந்த நாட்களில் எனக்கும் தூக்கம் கெட்டிருந்தது. வீட்டுக் கடன், பிள்ளைகள் படிப்பு, தூரத்தில் இருக்கும் கணவர். ஒரு நாள் பாதி மாத்திரை போட்டேன். அல்ஹம்துலில்லாஹ், எப்படிப்பட்ட தூக்கம்! மறுநாளும் போட்டேன். முடிந்ததும், "உம்மாவுக்கு இன்னும் தூக்கம் வரவில்லை" என்று சொல்லி வேறொரு இடத்தில் வாங்கினேன். பாதி முழுதாயிற்று. பிறகு அதுவும் போதவில்லை. போடாத இரவில் முன்னைவிட மோசமாக முழித்துக் கிடந்தேன்.

உம்மாவின் பெயரைச் சொல்லி நான் பொய் பேசினேன் சகோதரிகளே. எழுதவே கை கூசுகிறது.

போன மாரியில் ஒரு நாள் ஸுப்ஹு நேரம் உம்மா முற்றத்தில் விழுந்து கிடந்தார். மணிக்கட்டில் வெடிப்பு. "இப்பத்தான் வழுக்கின, பயப்பிடாத" என்றார். நம்பினேன்.

மூன்றாம் இரவுப் பதிவைப் போட்டுக் காட்ட முன் மருமகன் என்னைத் தனியாகக் கூப்பிட்டான். காதில் வைத்துக் கேட்கச் சொன்னான். இருட்டில் உம்மாவின் குரல்:

"ரெண்டு மணி இருக்கும், விழுந்திட்டன். ரெண்டு தரம் கூப்பிட்டன். அவக்குக் கேக்கல்ல. புள்ள மருந்து குடிச்சிட்டுத் தூங்குறா. பாவம், அவக்கும் தூக்கம் இல்ல. எழுப்பக் கூடாது எண்டு பேசாம கிடந்தன். பாங்கு சொல்லுற வரைக்கும் குளிரு."

உம்மாவுக்கு எல்லாம் தெரிந்திருக்கிறது. இரவெல்லாம் விழித்திருப்பவர்களுக்கு வீட்டில் எது மறைவு?

"சாச்சி, இத வெட்டிரட்டா?" என்று கேட்டான் பிள்ளை. எனக்குப் பதில் சொல்ல வரவில்லை. அழுது முடித்த பிறகு, "இப்ப ஒண்டும் வெட்டாத, பொறு" என்றேன்.

அடுத்த கிழமை பெரிய ஆஸ்பத்திரியின் மனநலக் கிளினிக்குக்குப் போனேன். பைத்தியத்துக்குப் பார்க்கும் இடம் என்று ஊரில் சொல்வார்கள். அங்கே வரிசையில் இருந்தவர்களில் பாதிப் பேர் என்னைப் போன்ற குடும்பப் பெண்கள். ஒன்றையும் ஒளிக்காமல் வைத்தியரிடம் சொன்னேன். அந்த அம்மா ஏசவில்லை. "எத்தனை நாளாக?" என்று கேட்டார். கிழமைக்கு மூன்று இரவாவது, மூன்று மாதத்துக்கு மேல் இப்படி இருந்தால் அது நாட்பட்ட தூக்கமின்மை, கவனிக்க வேண்டிய நோய் என்றார்.

பிறகு அவர் விளக்கியதுதான் என் கண்ணைத் திறந்தது. ஆர்தர் ஸ்பீல்மன் என்ற அமெரிக்க உளவியலாளர் 1987இல் சகாக்களோடு சேர்ந்து எழுதிய கருத்து அது. தூக்கமின்மைக்கு மூன்று படி. முதலாவது, சிலருக்கு இயல்பிலேயே உள்ள இலேசான தூக்கம். இரண்டாவது, தூக்கத்தை விரட்டிய சம்பவம்: ஒரு மௌத்து, ஒரு கடன், ஒரு யுத்தம். மூன்றாவது, தூக்கம் போன பிறகு நாமே பிடித்துக்கொள்ளும் பழக்கங்கள்: தூக்கத்தைத் தேடி வெள்ளென்னப் படுப்பது, விடிந்தும் பாயில் கிடப்பது, பகலில் சாய்வது, மணியைப் பார்ப்பது, மாத்திரை. சம்பவம் முடிந்தாலும் இந்த மூன்றாவது தூக்கத்தைத் திரும்பி வர விடாது.

தூக்கத்தை விரட்டியது ஒன்று. திரும்பி வராமல் வழியை மறிப்பது வேறொன்று!

எனக்கு உடனே எங்கள் ஊர் ஞாபகம் வந்தது. விரட்டியவர்கள் போன பிறகும் எங்களைத் தடுத்தது கண்ணிவெடியும் காடும் அல்லவா? தூக்கத்தின் வழியிலும் அப்படித்தான் காடு மண்டியிருக்கிறது. 1990ஐ யாராலும் இல்லாமல் ஆக்க முடியாது. காட்டை வெட்டலாம்.

வெட்டும் விதத்தை வைத்தியர் சொல்லித் தந்தார். மாத்திரை இல்லாத இந்தச் சிகிச்சையைத்தான் முதலில் கொடுக்க வேண்டும் என்று அமெரிக்க வைத்தியர் கல்லூரி 2016இல் அறிவித்திருக்கிறது. நான் செய்ததைச் சொல்கிறேன்.

முதலாவது, எழும்பும் நேரம் ஒன்றுதான். இரவு எப்படிப் போனாலும் காலை நாலே முக்காலுக்கு எழும்ப வேண்டும். ஸுப்ஹு தொழும் நமக்கு இது சிரமமில்லை. தொழுதுவிட்டு மறுபடி படுப்பதுதான் நம் பிழை.

இரண்டாவது, நான் எட்டரைக்கே படுத்துவிடுவேன். எட்டு மணி நேரம் கிடந்து ஐந்து மணி நேரம் தூங்கினேன். பாயில் கிடக்கும் நேரத்தைக் குறைக்கச் சொன்னார். பதினொரு மணிக்கு முன் படுக்கக் கூடாது. தூக்கம் சேர்ந்து வந்ததும் கால் மணி நேரமாகக் கூட்டிக்கொள்ளலாம். ஐந்து மணி நேரத்துக்குக் கீழே யாரும் குறைக்கக் கூடாது. வலிப்பு நோய் போன்ற சிக்கல் உள்ளவர்கள் வைத்தியரைக் கேட்காமல் இதைச் செய்யவே கூடாது.

மூன்றாவது, படுத்து இருபது நிமிடம் அளவில் தூக்கம் வராவிட்டால் எழும்பிவிட வேண்டும். மணியைப் பார்க்காமல், மட்டுக்குத்தான். ரிச்சர்ட் பூட்சின் என்ற உளவியலாளர் 1972இல் சொன்ன முறை இது. படுக்கை தூக்கத்துக்கான இடம், கவலைப்படும் இடமல்ல என்று உடம்புக்குப் பழக்குவது. நான் எழும்பி வுளூச் செய்து, மங்கலான வெளிச்சத்தில் முஸல்லாவில் உட்காருவேன். இரண்டு ரக்அத் தொழுவேன், அல்லது சும்மா இருப்பேன். கொட்டாவி வந்தால்தான் பாய்க்குத் திரும்புவேன். கைத்தொலைபேசியைத் தொடுவதில்லை.

நான்காவது, தேத்தண்ணி. பின்னேரத் தேத்தண்ணியோடு சரி. குடித்து ஐந்து மணி நேரம் ஆன பிறகும் அதிலுள்ள கஃபீனில் பாதியளவு உடம்பில் நிற்கும் என்றார்.

மாத்திரையை ஒரே நாளில் நிறுத்த விடவில்லை. திடீரென்று விட்டால் தூக்கம் முன்னைவிடக் கெடும், நடுக்கமும் பதற்றமும் வரும், சிலருக்கு வலிப்பும் வரலாம் என்றார். வாரக்கணக்கில் கொஞ்சம் கொஞ்சமாகக் குறைத்தோம்.

முதல் இரண்டு கிழமை சோதனை என்றால் சோதனை. பகலில் கண் சொருகும். தையல் ஊசி விரலில் ஏறிவிடுமோ என்று மெஷினை மூடி வைத்தேன். மூன்றாம் கிழமை ஒரு நாள் பாங்குச் சத்தத்தில் விழித்தேன். இடையில் எழும்பவே இல்லை! எல்லா இரவும் இப்போது அப்படியில்லை. ஆனால் தூக்கம் வராத இரவு எனக்கு இப்போது பயமில்லை. பயம் போனதே பாதி மருந்து.

படம் முடிந்ததும் எங்கள் ஒழுங்கைப் பெண்கள் பதினொரு பேரை வீட்டுக்குக் கூப்பிட்டுக் காட்டினோம். அந்த இடத்தை வெட்ட வேண்டாம் என்று நானே சொல்லிவிட்டேன். உம்மாவின் கை, பை, குளத்துப் பக்கத் தவளைச் சத்தம், அந்தக் குரல். படம் முடிந்ததும் யாரும் பேசவில்லை. பிறகு ஒருவர் மெதுவாக என்னருகில் வந்து கேட்டார்:

"அந்த மாத்திரை எங்க எடுக்கலாம்?"

சகோதரிகளே, இந்தக் கேள்விக்காகத்தான் இதை எழுதுகிறேன். இருந்தவர்களில் ஏழு பேர் தங்களுக்கும் தூக்கமில்லை என்றார்கள். ஒருவரும் அதுவரை வாய் திறந்து சொன்னதில்லை. தலைக்குத்து, முதுகு நோவு, நெஞ்சு படபடப்பு என்றுதான் ஆஸ்பத்திரிக்குப் போயிருக்கிறார்கள். இதில் வியப்பில்லை. புத்தளத்தில் நீண்ட காலம் இடம்பெயர்ந்து வாழ்ந்த 450 பேரிடம் செஸ்மால் சிறிவர்தன என்ற வைத்தியரும் சகாக்களும் செய்த ஆய்வு 2013இல் வெளியானது. நூற்றுக்குச் சுமார் 19 பேருக்கு மனநலப் பாதிப்பு. அதில் மிகக் கூடுதலாகக் காணப்பட்டது, உடல் நோவாக வெளிப்படும் வகைதான். நம் மனம் தன் கஷ்டத்தைச் சொல்ல உடம்பைத்தான் பிடிக்கிறது.

அந்தப் பெண்ணிடம் சொன்னதையே உங்களுக்கும் சொல்கிறேன். ஒருவருக்கு எழுதிய தூக்க மாத்திரையை இன்னொருவர் தொடாதீர்கள். சளிக்கும் சொறிக்கும் தரும் மாத்திரை தூக்கம் தருகிறதே என்று அதையும் பழக்காதீர்கள். வயதானவர்களுக்கு இவை தள்ளாட்டத்தைக் கொடுத்து விழுத்தும், இடுப்பெலும்பை முறிக்கும். பக்கத்தில் படுத்திருக்கும் உங்களுக்கோ கூப்பிட்ட குரல் கேட்காது. குறட்டையோடு மூச்சுத் திணறி விழிப்பது, மனச்சோர்வு, வாழ்க்கையே வேண்டாம் என்ற எண்ணம் இருந்தால் ஒரு நாளும் தாமதிக்காமல் வைத்தியரிடம் போங்கள். தூங்காமல் கிடப்பது ஈமான் குறைவும் அல்ல, பைத்தியமும் அல்ல. துஆவும் கேளுங்கள், மருந்தும் தேடுங்கள்.

உம்மாவைப் பற்றிக் கேட்பீர்கள். அவருக்கு முழுச் சுகம் என்று பொய் சொல்ல மாட்டேன். முதுமையில் தூக்கம் இலேசாவது இயற்கை. முப்பத்தைந்து வருடக் காவலை ஒரு மாதத்தில் விட முடியுமா? மலசலகூடத்துக்குப் போகும் வழியில் கைப்பிடியும் சின்ன விளக்கும் போட்டோம். அவருடைய பாயை என் அறைக்கே மாற்றினேன். கூப்பிட்டால் இப்போது எனக்குக் கேட்கும்.

போன மாதம் ஒரு இரவு, பதினொரு மணிக்கு நான் படுக்கப் போகும்போது உம்மா விழித்திருந்தார். தலைமாட்டுப் பையை எடுத்து என் பக்கம் நீட்டினார்.

"இத நீ வச்சுக்கோ. எனக்குக் கை உளையுது" என்றார்.

வாங்கி அலுமாரியில் வைத்துப் பூட்டினேன். சாவியை உம்மாவின் கையில் கொடுத்தேன். அன்றிரவு அவர் எவ்வளவு நேரம் தூங்கினார் என்று எனக்குத் தெரியாது. ஏனென்றால் நான் தூங்கிவிட்டேன்.